மியாமோட்டோ மாதிரி ஆக வேண்டும் என்கிறாள் மகள்

கேள்வி: டோக்கியோவில் நிஷிகசாயில் இருக்கிறோம். எனக்குச் சொந்த ஊர் கும்பகோணம், கணவர் ஜப்பானியர். ஒரே பெண், இங்கேயே பிறந்தவள். பள்ளியில் கடைசி வருடம், அடுத்த மாதம் 18 முடிகிறது. உயரம் 173 செ.மீ. நிறமும் சுருட்டை முடியும் என்னைக் கொண்டவை. 'ஹாஃபு' (பாதி ஜப்பானியள்) என்று சீண்டப்பட்டே வளர்ந்தவள். 2015-இல் மிஸ் யூனிவர்ஸ் ஜப்பான் ஆன அரியானா மியாமோட்டோவின் பேட்டிகளைப் பார்த்துவிட்டு, "நானும் போட்டியில் ஜெயித்து மாடல் ஆகிறேன்" என்கிறாள். போன வாரம் ஹராஜுகுவில் ஒருவர் இவளை நிறுத்தி, மாடல் ஏஜென்சி என்று கார்டு கொடுத்திருக்கிறார். சனிக்கிழமை அலுவலகத்துக்கு வர வேண்டுமாம். பதிவு, நடைப் பயிற்சி, போட்டோ எல்லாம் சேர்த்து 3,80,000 யென். "கையெழுத்தைப் பிறந்தநாள் முடிந்து போட்டால் போதும், அம்மா வர வேண்டியதில்லை" என்றும் சொன்னாராம். அனுப்பலாமா? அழகிப் பட்டம் உண்மையிலேயே மாடலிங்குக்கு வழிதானா? இந்த முகத்தை, இந்த நிறத்தை 'ஜப்பான்' என்று மேடையேற்றுவார்களா?

பதில்: முதலில் சனிக்கிழமை விஷயம். அனுப்பாதீர்கள்.

பிறந்தநாளுக்குப் பிறகு கையெழுத்துப் போட்டால் போதும் என்றாரே, அதைக் கணக்குப் போட்டுத்தான் சொல்லியிருக்கிறார். ஜப்பானில் 2022 ஏப்ரல் 1 முதல் 18 வயதானால் மேஜர்; அதற்கு முன் 20. பெற்றோர் சம்மதமில்லாமல் மைனர் போட்ட ஒப்பந்தத்தைப் பின்னால் ரத்து செய்யலாம், கட்டிய பணத்தையும் கேட்கலாம். 18 பிறந்துவிட்டால் அந்தக் காப்பு இல்லை. கார்டு கொடுத்தவர் காத்திருப்பது அந்த ஒரு தேதிக்காகத்தான். 18, 19 வயதுப் பிள்ளைகளைக் குறிவைப்பவர்கள் சட்டம் மாறிய பிறகு கற்றுக்கொண்ட பாடம் இது.

ஒருவேளை உங்களுக்குத் தெரியாமல் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டாலும் கதவு உடனே மூடிவிடாது. தெருவில் நிறுத்தி அலுவலகத்துக்கு அழைத்துப்போய் விற்றால் அது வீட்டு வாசலில் வந்து விற்பதற்குச் சமம். ஒப்பந்த விவரச் சீட்டு கைக்கு வந்த நாளையும் சேர்த்து 8 நாளுக்குள் காரணமே சொல்லாமல் ரத்து செய்யலாம். "வேலை வாங்கித் தருகிறோம், அதற்காக இந்தப் பயிற்சிக்குக் கட்டு" என்று வேலையைக் காட்டிப் பணம் வாங்கியிருந்தால் அவகாசம் 20 நாள். ரத்துக் கடிதத்தை ஒரு போஸ்ட்கார்டில் எழுதலாம்: ஒப்பந்தத் தேதி, நிறுவனத்தின் பெயர், தொகை, "ரத்து செய்கிறேன்" என்ற ஒரு வரி, உங்கள் பெயர், முகவரி. இரண்டு பக்கத்தையும் நகலெடுத்து வைத்துக்கொண்டு, அனுப்பியதற்குப் பதிவு இருக்கும் தபாலில் போடுங்கள். 2022 ஜூன் முதல் மின்னஞ்சலிலும் அனுப்பலாம். திரையைப் படமெடுத்து வைத்துக்கொள்ள மறக்காதீர்கள். கிரெடிட் கார்டில் கட்டியிருந்தால் அதே கடிதம் கார்டு நிறுவனத்துக்கும் போக வேண்டும். பலர் கோட்டை விடுவது இந்த இடத்தில்தான்: ஏஜென்சிக்கு எழுதிவிட்டுக் கார்டு நிறுவனத்தை விட்டுவிடுவார்கள், தவணை பாட்டுக்குக் கழிந்துகொண்டிருக்கும். சந்தேகம் இருந்தால் 188-க்குப் போன் செய்யுங்கள். அது நுகர்வோர் உதவி எண். உங்கள் வார்டு மையத்துக்கு இணைப்பார்கள்.

ஒழுங்கான ஏஜென்சி தன் பங்கை மாடல் சம்பாதிக்கும் பணத்திலிருந்துதான் எடுக்கும். வேலை வாங்கிக் கொடுத்தால்தான் அதற்கும் காசு. அதனால்தான் அது ஓடியாடி வேலை தேடும். முன்பணத்தில் பிழைக்கும் கடைக்கு வேலை தேட என்ன அவசரம்? இரண்டையும் பிரித்தறிய இதைவிடச் சுருக்கமான வழி இல்லை. மாடலின் படமும் அளவுகளும் உள்ள அட்டையை அச்சடிக்கும் செலவை மட்டும் மாடல் தலையில் வைக்கும் நல்ல ஏஜென்சிகளும் உண்டு, அது சின்னத் தொகை. பெயரைச் சரிபார்க்க, ஜப்பான் வரித்துறையின் நிறுவன எண் தளத்தில் 13 இலக்க எண் இருக்கிறதா, முகவரி கார்டில் உள்ளதுதானா என்று பாருங்கள். பிறகு அவர்களுடைய தளத்தில் ஐந்து மாடல்களின் பெயரை எடுத்து, கடந்த ஆறு மாதத்தில் எந்த இதழில், எந்த விளம்பரத்தில் வந்தார்கள் என்று தேடுங்கள். ஐந்தில் ஒருவருக்கும் எதுவும் அகப்படவில்லை என்றால் அது ஏஜென்சி இல்லை, வகுப்பு நடத்தும் கடை.

இனி மியாமோட்டோ. உங்கள் மகள் அவரிடம் எதைப் பார்க்கிறாள் என்பது புரிகிறது. ஆனால் அந்த வாழ்க்கையில் எது போட்டி கொடுத்தது, எது ஏற்கெனவே இருந்தது என்று பிரித்துப் பார்க்க வேண்டும்.

பிறந்தது 1994 மே 12, நாகசாகி மாகாணத்தின் சசெபோ. அமெரிக்கக் கடற்படைத் தளம் உள்ள துறைமுக ஊர். அப்பா கறுப்பின அமெரிக்கர், கடற்படைக்காரர், அம்மா ஜப்பானியர். சிறு வயதிலேயே பெற்றோர் பிரிந்தார்கள், அம்மாவிடம் வளர்ந்தார். பள்ளியில் கையைப் பிடிக்க மறுத்தார்கள், குப்பையை எறிந்தார்கள், நிறத்தைச் சொல்லி வைதார்கள். இதையெல்லாம் அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். பதின்வயதில் அப்பாவின் ஊரான அமெரிக்காவின் ஆர்கன்சாவுக்குப் போய்ச் சில காலம் படித்தார். திரும்பி வந்து பாரில் வேலை பார்த்தார். ஜப்பானிய தூரிகை எழுத்துக் கலையில் ஐந்தாம் படித் தேர்ச்சி பெற்றவர். தன்னைப் போலவே கலப்புப் பின்னணி கொண்ட நண்பர் ஒருவர் தான் யாரென்ற குழப்பத்திலேயே உயிரை விட்டார். போட்டிக்கு வந்ததற்குக் காரணமாக அவர் சொன்னது அந்த மரணத்தை. நாகசாகி மாகாணத்தின் சார்பில் வந்து, 2015 மார்ச் 12 அன்று பட்டம் வென்றார். அப்போது வயது 20, உயரம் 173 செ.மீ. உங்கள் மகளும் அதே உயரம். அதையும் அவள் கவனித்திருப்பாள்.

"இவர் போதுமான அளவு ஜப்பானியர் இல்லை" என்ற பேச்சு அன்றே இணையத்தில் கிளம்பியது. உலகப் பத்திரிகைகள் வீட்டு வாசலுக்கு வந்தன. அதே ஆண்டு டிசம்பர் 20, லாஸ் வேகாஸில் நடந்த மிஸ் யூனிவர்ஸில் முதல் பத்துக்குள் வந்தார். தொகுப்பாளர் பெயரை மாற்றி வாசித்து, கொலம்பியாவுக்குச் சூட்டிய கிரீடத்தைக் கழற்றிப் பிலிப்பைன்ஸுக்குக் கொடுத்தார்களே, அதே மேடை. மார்ச்சிலிருந்து டிசம்பர் வரை ஒன்பது மாதம். ஒரு மாடல் ஐந்தாறு வருடம் ஓடியும் பார்க்காத வெளிச்சம் அந்த ஒன்பது மாதத்தில் அவருக்குக் கிடைத்தது. ஆனால் அந்த வெளிச்சம் அவருடைய அளவுகளின் மேலோ நடையின் மேலோ விழவில்லை. அவர் சொல்ல வந்த விஷயத்தின் மேல் விழுந்தது. கறுப்பின மாடல்களுக்குப் பாதை திறந்த நவோமி கேம்பலைத் தன் முன்மாதிரி என்று அவர் சொன்னதும் இதனால்தான்.

இப்போது உங்கள் மூன்றாவது கேள்வியை முன்னால் இழுக்கிறேன், ஏனென்றால் மற்றதெல்லாம் அதில்தான் தொங்குகிறது. ஜப்பானிய இதழ்களும் விளம்பரங்களும் கலப்புப் பின்னணி மாடல்களை வெகு காலமாகக் கொண்டாடியே வந்திருக்கின்றன. 'விவி' போன்ற இளம்பெண்கள் இதழ்களில் 'ஹாஃபு' முகங்கள் அட்டையிலேயே வந்தன. அங்கே யாரும் "இவள் ஜப்பானியளா?" என்று கேட்டதில்லை. அதே முகம் தோளில் 'ஜப்பான்' என்று எழுதிய பட்டையைப் போட்டுக்கொண்டால் கேள்வி பிறக்கிறது. துணி விற்கலாம், நாட்டைக் காட்டக் கூடாது என்பதுதான் அந்தக் கணக்கு. 2016-இல் மிஸ் வேர்ல்ட் ஜப்பான் ஆன பிரியங்கா யோஷிகாவாவுக்கும் இதுவே நடந்தது. அவருடைய அப்பா வங்காளி. மேற்கு வங்கத்தின் முதல் முதலமைச்சர் பிரபுல்ல சந்திர கோஷ் அவருக்குக் கொள்ளுத் தாத்தா. 2024 ஜனவரியில் மிஸ் நிப்பான் பட்டம் பெற்ற கரோலினா ஷீனோ ஐந்து வயதில் உக்ரைனிலிருந்து வந்து, 2022-இல் ஜப்பானியக் குடியுரிமை பெற்றவர். அவரையும் இதே கேள்விதான் எதிர்கொண்டது. (தன் சொந்த வாழ்க்கை பற்றி ஒரு வார இதழ் எழுதியதும் இரண்டே வாரத்தில் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்தார், அது வேறு விஷயம்.) ஆக, மேடையேற்றுவார்களா என்றால் ஏற்றுவார்கள், ஏற்றியிருக்கிறார்கள். நடுவர்கள் தேர்ந்தெடுத்த மறுநாள் காலை செல்போனைத் திறக்க உங்கள் மகளுக்குத் திராணி இருக்கிறதா என்பதுதான் நீங்கள் பார்க்க வேண்டியது.

ஆனால் அந்த வரவேற்பிலும் ஒரு மேடு பள்ளம் உண்டு. இதழ்கள் கொண்டாடிய 'ஹாஃபு' முகங்களில் பெரும்பாலானவை வெளிர் நிறம். மாநிறப் பெண்ணுக்கு வாய்ப்பு இருக்கிறது, ஆனால் எண்ணிக்கை குறைவு. வேலை நாளில் இது எப்படிக் கடிக்கும் என்று சொல்கிறேன். படப்பிடிப்புக்கு வரும் ஒப்பனைக்காரரின் பெட்டியில் ஃபவுண்டேஷன் வரிசை பெரும்பாலும் வெளிர் நிறங்களில் நெருக்கமாகவும், மாநிறத்துக்கு மேலே போகப் போக ஒன்று இரண்டாகவும் இருக்கும். கையில் இருப்பதைப் பூசினால் முகம் சாம்பல் பூத்து, கழுத்து வேறு நிறத்தில் நிற்கும். அதனால் தன் நிறத்துக்குப் பொருந்தும் ஒன்று, அதைவிட ஒரு படி கருமையான ஒன்று என இரண்டு ஃபவுண்டேஷன் அவள் பையிலேயே இருக்கட்டும். கோடையில் இரண்டையும் கலந்தால் சரியாக வரும். கைமுட்டியில் பூசிப் பார்த்து வாங்கக் கூடாது; தாடைக் கோட்டில் மூன்று கோடு இழுத்து, கடைக்கு வெளியே பகல் வெளிச்சத்தில் வந்து பார்த்து, எந்தக் கோடு மறைந்துபோகிறதோ அதை வாங்க வேண்டும். சுருட்டை முடிக்கும் அப்படியே. சொந்த லீவ்-இன் கிரீமும் அகலப் பல் சீப்பும் கொண்டுபோகச் சொல்லுங்கள். காய்ந்த முடியில் மெல்லிய சீப்பை ஓட்டினால் அது பஞ்சாகிவிடும், அன்றைய படம் முழுக்க அப்படியேதான் வரும். தோலை வெளுப்பாக்கும் பொருளுக்கான விளம்பர ஒப்பந்தம் வந்தால், படத்தில் நிறத்தை மாற்றும் உரிமை யாரிடம் என்று எழுத்தில் கேளுங்கள். 'வெண்மை' என்ற சொல்லையே பயன்படுத்த மாட்டோம் என்று காவோ நிறுவனம் 2021-இல் அறிவித்தது. ஆனாலும் அந்த வகைச் சரக்கு கடையை விட்டுப் போய்விடவில்லை.

அழகிப் பட்டம் மாடலிங்குக்கு வழியா என்ற கேள்விக்கு ஜப்பானின் பழைய கதையே நல்ல பதில் வைத்திருக்கிறது. 1953 மிஸ் யூனிவர்ஸில் மூன்றாம் இடம் பெற்ற கினுகோ இத்தோ, 1959-இல் கலிபோர்னியாவின் லாங் பீச்சில் பட்டத்தையே வென்று அந்தப் போட்டியின் முதல் ஆசிய வெற்றியாளரான அகிகோ கோஜிமா, இருவரும் போட்டிக்கு முன்பே ஃபேஷன் மாடல்கள். தொழில் முதலில், கிரீடம் பிறகு. இத்தோவால் 'ஹட்டோஷின்' என்ற சொல் நாடெங்கும் பரவியது: தலையின் நீளத்தைப் போல எட்டு மடங்கு உயரம். உச்சந்தலையிலிருந்து தாடை வரை நேர்கோட்டில் அளந்து உயரத்தை அதனால் வகுப்பார்கள். 173 செ.மீ. உள்ளவருக்கு எட்டு வர வேண்டுமானால் தலை 21.6 செ.மீ.தான் இருக்கலாம். இப்போதும் ஜப்பானில் ஏஜென்சிக்காரர்கள் உயரத்தை விட இந்த விகிதத்தைத்தான் முதலில் கண்ணால் எடைபோடுவார்கள், ஏனென்றால் இதழ்ப் பக்கத்தில் உயரம் தெரியாது, விகிதம் தெரியும்.

கோஜிமாவுக்கு 48 வருடம் கழித்து, 2007 மே 28 அன்று மெக்சிகோ சிட்டியில் ரியோ மோரி வென்றார். ஷிசுவோகாக்காரர், நடனக் குடும்பம், பதின்வயதில் கனடாவுக்குப் போய் பாலே படித்தவர். ஜப்பானின் மிகிமோட்டோ நிறுவனம் செய்த முத்துக் கிரீடம் ஜப்பானியத் தலையிலேயே ஏறியது ஒரு அழகான தற்செயல். 2008 ஜூலை 14 அன்று வியட்நாமின் நா சாங்கில் அடுத்தவரிடம் ஒப்படைக்கும் வரை பதின்மூன்றரை மாதம் அவர் உலகம் சுற்றினார். பிறகு அவர் திரும்பியது நடனத்துக்கு; டோக்கியோவில் நடனப் பள்ளி தொடங்கினார். மோரி வென்றதற்கு முந்தைய வருடம், 2006-இல், லாஸ் ஏஞ்சலஸில் இரண்டாம் இடம் பெற்ற ஒகினாவாக்காரர் குராரா சிபானாவைப் பாருங்கள். பட்டம் கை நழுவியது. ஆனால் வென்றவரைப் போல நியூயார்க்கில் ஒரு வருடம் முடங்க வேண்டியிராததால் ஊரிலேயே இருந்தார். இதழ்களிலும் தொலைக்காட்சியிலும் நிலைத்து நின்றார், பிறகு ஐ.நா. உலக உணவுத் திட்டத்தின் ஜப்பான் தூதரும் ஆனார். மாடலாக நீண்ட காலம் நிற்க இரண்டாம் இடமே வசதியானது என்று தொழிலில் சிலர் கிண்டலாகச் சொல்வதுண்டு. கிண்டலில் பாதி உண்மை.

காரணம் ஒப்பந்தம். பட்ட வருடத்தில் போட்டி அமைப்பாளரின் ஸ்பான்சர்களுக்கு முன்னுரிமை. ஷாம்பு கம்பெனி ஒன்று ஸ்பான்சர் என்றால் வேறு ஷாம்பு, பல நேரம் முடி சம்பந்தப்பட்ட எதுவுமே, அந்த வருடம் தொடக் கூடாது. ஏற்கெனவே ஏஜென்சியில் இருக்கும் மாடல் வென்றால், ஏஜென்சிக்கும் போட்டி அமைப்புக்கும் நடுவே யார் நாள் கொடுப்பது என்ற இழுபறி வரும். அதனால் போட்டிக்கு விண்ணப்பிக்கும் முன்பே இரண்டு ஒப்பந்தங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும்: பட்டம் முடிந்த பின் எத்தனை மாதம் அமைப்பின் பிடி நீள்கிறது, அந்த வருடத்துப் படங்கள் யாருக்குச் சொந்தம், போட்டிக்கு நுழைவுத் தொகையோ டிக்கெட் விற்றுத் தரும் பொறுப்போ உண்டா, விலகினால் அபராதம் என்ன. ஜப்பானியத்தில் 'ஜிமுஷோ' எனப்படும் ஏஜென்சி ஒப்பந்தங்களில் வெளியேறிய பிறகு சில காலம் வேறெங்கும் வேலை செய்யக் கூடாது, மேடைப் பெயரைப் பயன்படுத்தக் கூடாது என்ற வரிகள் பழக்கத்தில் இருந்தவை. இவற்றைப் போட்டி விரோதமாகக் கருதலாம் என்று நியாய வர்த்தக ஆணையம் 2019 முதல் சொல்லிவருகிறது. 2024 டிசம்பரில் கலைஞர் ஒப்பந்தங்கள் பற்றி ஆய்வறிக்கையும் வெளியிட்டது. அப்படி ஒரு வரி கண்ணில் பட்டால் அடித்துத் தரச் சொல்லிக் கேட்பதில் தயக்கம் வேண்டாம்.

இகுமி யோஷிமாட்சுவின் பெயரை இங்கே சொல்லாமல் போக முடியாது. 2012-இல் ஒகினாவாவில் மிஸ் இன்டர்நேஷனல் வென்றவர். 1960-இல் தொடங்கிய அந்தப் போட்டியில் முதல் ஜப்பானிய வெற்றியாளர். 2013 டிசம்பரில் டோக்கியோ வெளிநாட்டுச் செய்தியாளர் மன்றத்தில், ஏஜென்சித் துறையைச் சேர்ந்த ஒருவர் தன்னைத் தொடர்ந்து அச்சுறுத்துவதாகவும், சத்தம் போடாமல் ஒதுங்கியிருக்கச் சொல்லப்பட்டதாகவும் வெளிப்படையாகச் சொன்னார். அந்த வருட விழாவில் அடுத்தவருக்குக் கிரீடம் சூட்டியது அவர் இல்லை, 2008-இன் வெற்றியாளர். உங்கள் மகளுக்கு இதைப் பயமுறுத்தச் சொல்ல வேண்டாம். வேலை தொடர்பாக வரும் ஒவ்வொரு அழைப்பையும், செய்தியையும் அழிக்காமல் வைத்திருக்க வேண்டும், தனியாகக் கூப்பிட்டால் போகக் கூடாது, தொந்தரவு தொடங்கிய அன்றே காவல் துறையின் ஆலோசனை எண் #9110-க்குப் பேச வேண்டும் என்பதற்காகச் சொல்லுங்கள். 'மாடல்' என்று சொல்லி ஆபாசப் படத்துக்கு இழுப்பதும் நடக்கிறது. அதற்கென்றே 2022 ஜூனில் ஒரு சட்டம் வந்தது: கையெழுத்துக்கும் படப்பிடிப்புக்கும் நடுவே 1 மாதம், படப்பிடிப்புக்கும் வெளியீட்டுக்கும் நடுவே 4 மாதம் இடைவெளி விட வேண்டும்; வெளிவந்த பிறகும் 1 வருடம் வரை நிபந்தனையின்றி ரத்து செய்யலாம். அவளுக்கு இது தெரிந்திருப்பதே ஒரு பாதுகாப்பு.

நீங்கள் கேட்கவில்லை, ஆனால் பணக் கணக்கு தெரிந்திருக்க வேண்டும். 50,000 யென் வேலை என்று வைத்துக்கொள்வோம். ஏஜென்சிப் பங்கு 40 சதவீதம் என்று எழுதியிருந்தால் மிச்சம் 30,000. மாடல் கூலிக்கு 10.21 சதவீதம் வரி பிடித்துக்கொண்டுதான் தருவார்கள்; அது 3,063. கைக்கு வருவது 26,937. வருட வருமானம் குறைவாக இருந்தால் பிடித்த வரி பெரும்பாலும் திரும்பும், ஆனால் கணக்குத் தாக்கல் செய்தால்தான். ஐந்து வருடம் வரை பின்னோக்கிக் கேட்கலாம். 2024 நவம்பர் 1 முதல் அமலில் உள்ள ஃப்ரீலான்ஸ் சட்டப்படி வேலை விவரத்தையும் தொகையையும் எழுத்தில் தர வேண்டும், வேலை முடிந்து 60 நாளுக்குள் பணம் வர வேண்டும். வாடிக்கையாளரிடம் வாங்கிக் கொடுக்கும் வேலையாக இருந்தால், அவர் ஏஜென்சிக்குப் பணம் தரும் தேதியிலிருந்து 30 நாள் என்று ஒரு விதிவிலக்கு உண்டு. எந்தப் படம், எந்த ஊடகம், எத்தனை மாதம் என்று எழுதியிருக்கிறதா பாருங்கள். 'இணையம்' என்று மட்டும் எழுதி மாதம் போடாவிட்டால் அவள் முகம் முப்பது வயது வரை அங்கே தொங்கும், கூலி ஒருமுறைதான்.

இரண்டு தொழிலுக்கும் நடை வேறு என்பதும் அவளுக்குத் தெரிந்திருக்கட்டும். போட்டி மேடையில் குறித்த இடத்தில் நின்று, நடுவரின் கண்ணைப் பார்த்து, சிரித்து, திரும்ப வேண்டும், பெண்தான் காட்சி. ரன்வேயில் முகம் சும்மா இருக்க வேண்டும், துணிதான் காட்சி. ஒன்றைப் பழகியவர் மற்றதில் தடுமாறுவார். பாலே பழகியவர்களுக்குப் பாதம் வெளிப்பக்கம் விரிந்தே போகும், அதை நேராக்கவே மாதக்கணக்காகும். புது ஹீல்ஸின் அடிப்பாகம் வழுக்கும். மணல்காகிதத்தால் தேய்த்துவிட்டுத்தான் போட வேண்டும். கவுன் விளிம்பு தரையிலிருந்து ஒரு விரல் மேலே நிற்க வேண்டும், அந்தக் குறிப்பிட்ட செருப்பைப் போட்டுக்கொண்டே அளக்க வேண்டும். மோரி ஜெயித்த அதே மேடையில் அமெரிக்காவின் ரேச்சல் ஸ்மித் மாலைக் கவுனில் வழுக்கி உட்கார்ந்துவிட்டார். உடனே எழுந்து, சமாளித்து, ஐந்தாம் இடம் வரை வந்தார். எழும் விதத்தையும் பயிற்சியில் சேர்ப்பது அதனால்தான்.

போட்டியைத் தேர்ந்தெடுப்பதில் குழப்பம் வேண்டாம். மிஸ் நிப்பான் உள்நாட்டுப் பட்டம். அதை வென்றவர் மிஸ் யூனிவர்ஸுக்குப் போவதில்லை. யூனிவர்ஸ், வேர்ல்ட், இன்டர்நேஷனல், எர்த் நான்குக்கும் ஜப்பானில் தனித்தனித் தேர்வு. விண்ணப்பம், நேர்காணல், மாகாணத் தேர்வு, பயிற்சி முகாம், இறுதிப் போட்டி என்பது மிஸ் யூனிவர்ஸ் ஜப்பானின் பொதுவான வரிசை. நேர்காணலில் உயரம் பேசாது. மியாமோட்டோவுக்குத் தூரிகை எழுத்தும் நண்பரின் கதையும் இருந்தன, மோரிக்கு நடனம், யோஷிகாவாவிடம் யானையைப் பழக்கும் உரிமம் இருந்தது! உங்கள் மகளிடம் இரண்டு நிமிடம் மரியாதை ஜப்பானியத்தில் விடாமல் பேச என்ன இருக்கிறது என்று கேட்டுப் பாருங்கள். 'சமத்துவம் வேண்டும்' என்றால் போதாது. தன் கையால் செய்த ஏதாவது ஒன்று வேண்டும். அவசரமும் இல்லை. மிஸ் யூனிவர்ஸ் 2024 முதல் உச்ச வயது வரம்பையே எடுத்துவிட்டது.

குடியுரிமை பற்றி ஒரு வார்த்தை. அப்பா ஜப்பானியர் என்பதால் பிறப்பிலேயே அவள் ஜப்பானியக் குடிமகள், குடும்பப் பதிவேடான கோசெகியில் பெயர் இருக்கும். இந்தியத் தூதரகத்தில் பிறப்பைப் பதிந்து குடியுரிமை வாங்கியிராவிட்டால் இரட்டைக் குடியுரிமைப் பிரச்சினையே இல்லை. வெளிநாட்டுக் குடிமக்களான இந்திய வம்சாவளியினருக்கு இந்தியா தரும் ஓ.சி.ஐ. அட்டையின் பெயரில் குடியுரிமை என்று வந்தாலும் உண்மையில் அது குடியுரிமை ஆகாது. இரண்டு பாஸ்போர்ட்டும் இருந்தால் மட்டும், ஒன்றைத் தேர்ந்தெடுக்க 20 வயது வரைதான் ஜப்பான் சட்டம் அவகாசம் தருகிறது. இந்தியா இரண்டை ஏற்பதே இல்லை என்பதால் அதற்கு முன்பே ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள்.

பள்ளி விதிப் புத்தகத்தில் பகுதி நேர வேலைக்கும் கலைத்துறை வேலைக்கும் அனுமதி கேட்க வேண்டுமா என்று பார்த்துவிடுங்கள். 18 ஆகும் வரை இரவு 10 மணியிலிருந்து காலை 5 மணி வரை வேலை வாங்கக் கூடாது. ஜனவரி நடுவில் பல்கலைக்கழகப் பொதுத் தேர்வு எழுதுகிறாள் என்றால் அதுவரை ஏஜென்சிப் பேச்சையே ஒத்திப்போடலாம்.

அதற்குள் கை சும்மா இருக்காது என்றால் இந்த ஞாயிறு வீட்டிலேயே ஒரு வேலை செய்யலாம். ஏஜென்சிகள் திறந்த விண்ணப்பத்துக்குக் கேட்பது ஸ்டூடியோ படம் இல்லை, ஒப்பனையில்லாத சாதாரணப் படம். காலை பத்து மணி வாக்கில், வெயில் நேராக விழாத ஜன்னலுக்கு எதிரே அவளை நிறுத்துங்கள். பின்னால் வெறும் சுவர். உடம்போடு ஒட்டிய கறுப்பு மேல்சட்டை, இறுக்கமான ஜீன்ஸ், வெறுங்கால். முதலில் முடியைப் பின்னால் கட்டி ஒரு செட், பிறகு சுருட்டையை அப்படியே அவிழ்த்துவிட்டு ஒரு செட். முகம் நேரே, முகம் பக்கவாட்டில், முழு உருவம் நேரே, முழு உருவம் பக்கவாட்டில். செல்போனை உங்கள் கண் உயரத்தில் பிடித்தால் அவள் கால் குட்டையாகத் தெரியும்; முழு உருவத்துக்கு உங்கள் வயிற்று உயரத்தில் பிடித்து, மூன்று மீட்டர் தள்ளி நின்று எடுங்கள். அகலக் கோண லென்ஸ் வேண்டாம், தலை பெரிதாகும். ஃபில்டர் கூடாது. பிறகு ஒரு டேப்பை எடுத்து உயரம், மார்பு, இடுப்பின் ஒடுங்கிய இடம், பின்புறத்தின் அகன்ற இடம், செருப்பு அளவு எல்லாவற்றையும் அளந்து, உள்ளதை உள்ளபடி எழுதுங்கள். ஒரு சென்டிமீட்டர் கூட்டி எழுதினால் முதல் ஃபிட்டிங்கிலேயே துணி காட்டிக்கொடுத்துவிடும்.